வாசகர் கேள்வி – பதில்: மூன்று மணி ஆட்டத்துக்குப் பன்னிரண்டு மணிக்கே உட்காருங்கள்

அமெரிக்கத் தரைப்படைக் கல்லூரியும் கடற்படைக் கல்லூரியும் ஆண்டுதோறும் டிசம்பரில் மோதிக்கொள்ளும் அமெரிக்கன் ஃபுட்பால் ஆட்டத்தைத் தொலைக்காட்சியில் எப்படிப் பார்ப்பது என்று கேட்டு ஒரே சமயத்தில் பல கடிதங்கள் வந்துவிட்டன. பிள்ளைகளைப் பார்க்க அமெரிக்கா போனவர்கள் சிலர், போய்த் திரும்பியவர்கள் சிலர், இங்கிருந்தே ஆர்வத்தோடு கேட்பவர்கள் சிலர். ஆகவே இம்முறை பகுதி முழுவதும் இந்த ஒரு பொருளுக்கே.

கேள்வி: ஆறு மாதம் மகன் வீட்டில் தங்குவதற்காக நியூஜெர்சியில் எடிசனுக்கு வந்திருக்கிறேன். பக்கத்து வீட்டுப் பெரியவர் கடற்படையில் இருந்தவர். டிசம்பர் இரண்டாம் சனிக்கிழமை ஆர்மி–நேவி ஆட்டத்தைத் தவறவிடக் கூடாது என்று பார்க்கும்போதெல்லாம் சொல்கிறார். மகன் வீட்டில் கேபிள் இணைப்பு இல்லை. ஓர் ஆட்டத்துக்காக மாதச் சந்தா கட்டு என்று அவனிடம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. வேறு வழி உண்டா?
– காரைக்குடி வாசகர், தற்போது எடிசன்

பதில்: உண்டு, அதுவும் சந்தாவே இல்லாத வழி. இந்த ஆட்டத்தை 1996 முதல் தொடர்ந்து ஒளிபரப்பி வருவது சி.பி.எஸ். நிறுவனம். அது கேபிள் வழியாக மட்டுமே வரும் சேனல் அன்று. நம் தூர்தர்ஷனைப் போல வான்வழியாக எல்லோருக்கும் இலவசமாகக் கிடைப்பது. எல்லாவற்றையும் இணையத்திலேயே பார்த்துப் பழகிய இன்றைய பிள்ளைகள் பலருக்கு, தங்கள் வீட்டுச் சுவரில் மாட்டியிருக்கும் தொலைக்காட்சிக்குப் பின்னால் ஆன்டெனா செருகும் துளை ஒன்று இருக்கிறது என்பதே நினைவில் இருப்பதில்லை.

கடையில் 20 முதல் 40 டாலருக்குள், ஜன்னல் கண்ணாடியில் ஒட்டிவைக்கும் தட்டையான ஆன்டெனா கிடைக்கும். பெட்டியின் மேல் 'எச்.டி.', '4கே' என்றெல்லாம் கொட்டை எழுத்தில் போட்டிருப்பதற்காகக் கூடுதல் விலை கொடுக்க வேண்டாம். ஆன்டெனாவுக்கு அந்த வேறுபாடு எதுவும் தெரியாது. உங்கள் பகுதிக்கு அலைகள் நியூயார்க் நகரத்திலிருந்து வருவதால், வடகிழக்கு பார்த்த ஜன்னலில் வைத்து, தொலைக்காட்சியின் அமைப்புகளுக்குள் போய்ச் சேனல்களைத் தேடச் சொல்லுங்கள். நியூயார்க்கின் சி.பி.எஸ். நிலையம் 2 என்ற எண்ணில் வந்து நிற்கும். தென்மாவட்டக் கடற்கரையில், ரூபவாஹினியில் கிரிக்கெட் பார்ப்பதற்காக மொட்டை மாடிக் கம்பத்தைத் திருப்பித் திருப்பி, "இப்ப தெரியுதா?" என்று கீழே நோக்கிக் கத்திய தலைமுறைக்கு இது பெரிய வேலை அன்று. ஒரே ஒரு வேறுபாட்டை மட்டும் மனத்தில் வையுங்கள்: பழைய அலைவரிசையில் படம் மங்கலாகவாவது தெரியும், இப்போதைய டிஜிட்டல் அலைவரிசையிலோ ஒன்று படம் பளிச்சென்று வரும், அல்லது கட்டம் கட்டமாக உடைந்து நின்றுபோகும். அதனால் ஆட்ட நாளன்று காலையில் அல்ல, ஒரு வாரம் முன்பே வைத்துப் பார்த்துவிடுங்கள்.

ஆன்டெனா சரிவராத அடுக்ககமாக இருந்தால் பாரமவுண்ட் பிளஸ் செயலியில் பார்க்கலாம். அதில் சந்தா அடுக்குகள் ஒன்றுக்கு மேல் உண்டு; எந்த அடுக்கில் உள்ளூர் சி.பி.எஸ். நிலையம் நேரலையாக வருகிறது என்று பார்த்துச் சேர வேண்டும், இல்லையேல் பணம் கட்டியபின் பழைய தொடர்கள் மட்டும்தான் மிஞ்சும். ஆட்டம் முடிந்த மறுநாளே சந்தாவை நிறுத்தச் சொல்லிவிடுங்கள். இன்னொரு செய்தியும் உங்களுக்கு உவப்பாக இருக்கும்: 2026ஆம் ஆண்டு ஆட்டத்துக்கு அறிவிக்கப்பட்டுள்ள இடம் உங்கள் நியூஜெர்சியிலேயே, ஈஸ்ட் ரூதர்ஃபர்டில் உள்ள மெட்லைஃப் அரங்கம்.

கேள்வி: சென்னையிலிருந்தே நேரலையாகப் பார்க்க முடியுமா? நம் நேரப்படி எத்தனை மணிக்கு வரும்?
– சென்னை வாசகர்

பதில்: அண்மை ஆண்டுகளில் ஆட்டம் அமெரிக்கக் கிழக்குக் கரை நேரப்படி சனிக்கிழமை பிற்பகல் 3 மணியையொட்டித் தொடங்குகிறது. அது நமக்கும் இலங்கைக்கும் ஞாயிறு அதிகாலை 1.30; சிங்கப்பூர், மலேசிய வாசகர்களுக்கு ஞாயிறு அதிகாலை 4; லண்டனில் சனிக்கிழமை இரவு 8. சனிக்கிழமை ஆட்டம் என்று நாட்காட்டியில் குறித்துவைத்துவிட்டு, சனிக்கிழமை அதிகாலையில் எழுந்து வெறும் திரையைப் பார்த்தவர்களை நான் அறிவேன். அந்தப் பட்டியலில் நானும் உண்டு.

அமெரிக்காவுக்கென்று விற்கப்படும் சி.பி.எஸ். நேரலை அந்நாட்டு எல்லைக்கு வெளியே திறக்காது. இலவசமாகக் காட்டுவதாகச் சொல்லும் திருட்டுத் தளங்களை நான் பரிந்துரைக்க மாட்டேன். சட்டம் ஒருபுறம் இருக்கட்டும், முக்கியமான கட்டத்தில் சூதாட்ட விளம்பரம் வந்து திரையை மூடும். உறக்கத்தைக் கெடுத்துக்கொள்ள விரும்பாதவர்கள் ஞாயிறு காலையில் யூடியூபில் வரும் சுருக்கத் தொகுப்பைப் பார்க்கலாம். ஆனால் அதில் டச்டவுன்கள் இருக்குமே தவிர, இந்த ஆட்டத்தை மற்ற ஆட்டங்களிலிருந்து பிரித்துக் காட்டும் எதுவும் இருக்காது.

கேள்வி: போன வருடம் மருமகனோடு உட்கார்ந்து முழு ஆட்டத்தையும் பார்த்தேன். ஓடுகிறார்கள், விழுகிறார்கள், எழுகிறார்கள், விளம்பரம் வருகிறது. என்ன நடக்கிறது என்றே புரியவில்லை. எதைப் பார்க்க வேண்டும்?
– கோயம்புத்தூர் வாசகி

பதில்: பந்தைப் பார்ப்பதை நிறுத்துங்கள், பாதி குழப்பம் தீர்ந்துவிடும்.

இது பந்து விளையாட்டு என்பதைவிட நிலம் பிடிக்கும் விளையாட்டு என்று கொள்வது சரி. 100 கஜ நீளக் களம். இரு முனையிலும் பத்துப் பத்துக் கஜத்தில் எல்லைப் பகுதி. பந்து வைத்திருக்கும் அணிக்கு நான்கு முயற்சிகள் தரப்படும். அந்த நான்குக்குள் 10 கஜம் முன்னேறிவிட்டால் மறுபடியும் நான்கு முயற்சிகள். முடியாவிட்டால் பந்து எதிரணிக்குப் போகும். திரையின் ஓரத்தில் மூன்று, நான்கு என்று இரண்டு எண்கள் இணையாக வருமே, அதற்குப் பொருள்: இது மூன்றாவது முயற்சி, இன்னும் 4 கஜம் தேவை. இந்த இரண்டு எண்களை வாசிக்கத் தெரிந்துவிட்டால் ஆட்டத்தில் பாதி உங்கள் கைக்கு வந்துவிடும். எதிரணியின் எல்லைப் பகுதிக்குள் பந்தைக் கொண்டுசேர்த்தால் டச்டவுன், 6 புள்ளி. அதன்பின் உதைத்து 1 கூடுதல் புள்ளியோ, மறுபடி ஓடியோ எறிந்தோ உள்ளே போய் 2 புள்ளியோ எடுக்கலாம். டச்டவுன் கிடைக்காது என்று தோன்றினால் தூரத்திலிருந்தே கம்பங்களுக்கு நடுவே உதைத்து 3 புள்ளி பெறலாம்.

இதுவரை எல்லா அமெரிக்கன் ஃபுட்பால் ஆட்டத்துக்கும் பொது. இனி இந்த ஆட்டத்துக்கே உரியது. தொலைக்காட்சியில் நீங்கள் மற்ற நாட்களில் காணும் அணிகள் பந்தை நீளமாக எறிந்து ஆடும். ராணுவக் கல்லூரிகளோ பெரும்பாலும் எறிவதே இல்லை, ஓடுகின்றன. மற்றப் பல்கலைக்கழகங்களைப் போல 140, 150 கிலோ எடையுள்ள மலைகளை முன்வரிசையில் நிறுத்த இவர்களால் முடியாது. உடல் தகுதி விதிகள் உண்டு, படிப்பு முடித்தவர் சில ஆண்டுகள் படையில் பணிபுரிந்தே ஆக வேண்டும் என்பதால் தொழில்முறை ஆட்டக் கனவோடு வரும் பையன்களும் குறைவு. எடையில் குறைந்தவர்கள் எடை மிகுந்தவர்களை வெல்ல ஏமாற்றுதான் வழி என்று கண்டு, 'டிரிபிள் ஆப்ஷன்' என்னும் மும்முனை ஓட்ட முறையை இரு கல்லூரிகளும் நெடுங்காலம் கைக்கொண்டு வந்திருக்கின்றன. இப்போது அதில் பல மாற்றங்கள் வந்துவிட்டாலும் அடிப்படைக் குணம் போகவில்லை.

அதைத் திரையில் இப்படிப் பாருங்கள். நடுவில் நிற்கும் குவார்ட்டர்பேக் பந்தை வாங்கியதும், தனக்குப் பின்னாலிருந்து பாய்ந்து வருபவரின் வயிற்றருகே அதை வைப்பார். எதிரணியில் ஒருவரை மட்டும் யாரும் தடுக்காமல் வேண்டுமென்றே விட்டுவைத்திருப்பார்கள். குவார்ட்டர்பேக்கின் கண் அந்த ஒருவர் மேல்தான் இருக்கும். அவர் உள்ளே பாய்ந்தால், வயிற்றில் வைத்த பந்தை மீண்டும் உருவிக்கொண்டு இவர் வெளிப்பக்கம் ஓடுவார். பாயாமல் நின்றால் பந்தை அங்கேயே விட்டுவிடுவார். வெளிப்பக்கம் ஓடும்போது இன்னொருவர் குறுக்கே வந்தால், பக்கவாட்டில் தன்னோடு ஓடிவரும் மூன்றாமவருக்குத் தட்டிவிடுவார். இத்தனை முடிவும் இரண்டு நொடிக்குள். கேமராவே பலமுறை ஏமாந்து, பந்தில்லாதவர் பின்னாலேயே ஓடிப்போவதை நீங்கள் காணலாம். ஆகவே பந்தை விட்டுவிட்டு, தடுக்கப்படாமல் நிற்கும் அந்த ஒற்றை ஆளைப் பாருங்கள். அவர் எந்தப் பக்கம் சாய்கிறாரோ, பந்து அதற்கு மறுபக்கம் போகும்.

ஓட்டமே மிகுதி என்பதால் கடிகாரம் அவ்வளவாக நிற்பதில்லை. புள்ளிகளும் குறைவாகவே விழும். அதனால் ஒவ்வொரு கஜத்துக்கும் விலை கூடிவிடுகிறது. 2023இல் மாசசூசெட்ஸ் மாநிலம் ஃபாக்ஸ்பரோவில் நடந்த ஆட்டத்தின் முடிவை நினைவூட்டுகிறேன். தரைப்படை 17–9 என முன்னிலையில் இருந்தது. கடைசி நொடிகளில் கடற்படை எல்லைக்கோட்டை முட்டிக்கொண்டு நின்றது. உள்ளே போய், கூடுதல் 2 புள்ளியும் எடுத்திருந்தால் சமன். கோட்டுக்கு ஒரு கஜத்துக்கும் குறைவான தொலைவில் மொத்தக் கூட்டமும் ஒன்றின்மேல் ஒன்றாய் விழுந்து அடங்கியது. பந்து உள்ளே போகவில்லை. மிச்சமிருந்த மூன்று நொடியைக் கழிக்க, தரைப்படை வேண்டுமென்றே தன் எல்லைப் பகுதிக்குள் ஓடி 2 புள்ளியைத் தானமாகக் கொடுத்து 17–11 என்று வென்றது. வெல்லும் அணி தானே புள்ளியை விட்டுக்கொடுக்கும் அந்தக் கணக்கு புரிந்த அன்று, உங்களுக்கு ஆட்டமும் புரிந்துவிட்டது என்று வைத்துக்கொள்ளலாம்.

கேள்வி: களத்தின் குறுக்கே ஒரு மஞ்சள் கோடு நகர்ந்துகொண்டே இருக்கிறதே, அதை யார் அழித்து அழித்துப் போடுகிறார்கள்? நேரில் பார்த்த என் மகள், அப்படி ஒரு கோடே இல்லை என்கிறாள்.
– திருநெல்வேலி வாசகர்

பதில்: உங்கள் மகள் சொல்வது சரி. அரங்கத்தில் இருப்பவர்களுக்கு இல்லாத வசதி அது. வீட்டில் இருப்பவர்களுக்கு மட்டும் கணினி வரைந்து காட்டுவது. நான்கு முயற்சிக்குள் எந்த இடத்தைத் தொட வேண்டுமோ அந்த இடத்தைக் காட்டும் அந்தக் கோடு, முதன்முதலில் 1998 செப்டம்பரில் ஈ.எஸ்.பி.என். காட்டிய ஒரு தொழில்முறை ஆட்டத்தில் வந்தது. கேமரா எந்தக் கோணத்தில் திரும்புகிறது, எவ்வளவு நெருங்கிப் பார்க்கிறது என்பதையெல்லாம் கேமராவோடு பொருத்திய கருவிகள் நொடிதோறும் சொல்லிக்கொண்டிருக்கும். களத்தின் மேடு பள்ளங்களைக்கூட முன்கூட்டியே அளந்து கணினியில் ஏற்றியிருப்பார்கள். பின்பு புல்லின் பச்சை நிறம் எங்கெல்லாம் இருக்கிறதோ அங்கே மட்டும் மஞ்சளைப் பூசுவார்கள். அதனால்தான் ஆட்டக்காரர் கோட்டை மிதிக்கும்போது கோடு அவர் காலுக்கு அடியில் போவதுபோலத் தெரிகிறது.

2017இல் ஃபிலடெல்ஃபியாவில் நடந்த ஆர்மி–நேவி ஆட்டத்தைத் தேடிப் பாருங்கள். அன்று ஆட்டம் முழுக்கப் பனி கொட்டியது. பச்சை என்று பூசுவதற்குப் புல்லே கண்ணில் படவில்லை. அது போதாதென்று, மலைப்போருக்குப் பேர்போன பத்தாவது மலைப் படைப்பிரிவின் நினைவாகத் தரைப்படை அணி அன்று தலைமுதல் கால்வரை வெள்ளை உடையில் வந்திருந்தது. வெள்ளைப் பனியில் வெள்ளை ஆட்கள்! அந்த ஆட்டத்தில் தரைப்படை 14–13 என்று ஒரே புள்ளியில் வென்றது. கடைசி நொடியில் கடற்படை 48 கஜத்திலிருந்து உதைத்த பந்து கம்பத்துக்கு வெளியே போய்விட்டது.

கேள்வி: ஆட்டம் மூன்று மணிக்கு என்கிறார்கள். பக்கத்து வீட்டுக்காரர் நண்பகலிலேயே வந்து உட்கார்ந்துவிட்டார். மரியாதைக்கு நானும் உட்கார்ந்தேன். அவ்வளவு முன்னதாக எதற்கு?
– தஞ்சாவூர் வாசகர்

பதில்: அவர் விவரம் தெரிந்தவர். திருவிழாவுக்குப் போய்த் தேர் நிலைக்கு வரும்போது மட்டும் எட்டிப் பார்த்துவிட்டு வருவதுபோல் ஆகிவிடும், மூன்று மணிக்கு உட்கார்ந்தால்.

நண்பகலையொட்டி இரு கல்லூரி மாணவர் படையும் ஒன்றன்பின் ஒன்றாக அணிவகுத்துக் களத்துக்குள் வரும். ஒவ்வொரு கல்லூரியிலும் நாலாயிரத்துக்கு மேற்பட்ட மாணவர்கள். நீண்ட சாம்பல் நிற மேலங்கியில் தரைப்படை, கருநீல அங்கியிலும் வெள்ளைத் தொப்பியிலும் கடற்படை. களம் முழுவதும் ஒரே அளவுக் கட்டங்களாக நிறைந்து நிற்கும் அந்தக் காட்சியை முழுமையாகப் பார்க்கப் பெரும்பாலும் சி.பி.எஸ். ஸ்போர்ட்ஸ் நெட்வொர்க் என்னும் கேபிள் சேனல்தான் தேவைப்படும். இலவசமாக வரும் சி.பி.எஸ்.ஸில் ஆட்டத்துக்கு முந்தைய நிகழ்ச்சியில் துண்டு துண்டாகக் காட்டுவார்கள்.

பிறகு கைதிகள் பரிமாற்றம். பெயரைக் கேட்டுப் பதறிவிடாதீர்கள். ஒரு கல்லூரியின் மாணவர் சிலர் ஒரு பருவம் மற்றக் கல்லூரியில் போய்ப் படிப்பது வழக்கம். இந்த ஒரு நாள் மட்டும், தங்கள் சொந்த அணிக்கே கைதட்டுவதற்காக அவர்களைக் களத்தின் நடுவே முறைப்படி ஒப்படைப்பார்கள். முறைப்பும் விறைப்புமாக நடந்து வரும் பையன், தன் தோழர்கள் இருக்கும் பக்கத்தை அடைந்ததும் துள்ளிக்கொண்டு ஓடுவதைக் கேமரா தவறாமல் காட்டும். எனக்கு டச்டவுனைவிட அது பிடிக்கும்.

அதன்பின் வானில் விமானங்கள் பறந்துபோகும், நாணயம் சுண்டப்படும். குடியரசுத் தலைவர் வந்திருந்தால், பாதி ஆட்டம் ஒரு பக்கமும் மீதி ஆட்டம் மறுபக்கமும் உட்காருவது மரபு. இரு படைகளுக்கும் தலைமைத் தளபதி அவரே என்பதால் ஓரவஞ்சனை கூடாதாம். கடற்படைக்கு ஆடும், தரைப்படைக்குக் கோவேறு கழுதையும் அடையாள விலங்குகள். ஆட்டத்துக்கு முன்பே எதிரிக் கல்லூரியின் ஆட்டைக் கடத்திக்கொண்டு போன கதைகள் பல உண்டு. பார்வையாளர் பக்கத்தை கேமரா காட்டும்போது இன்னொன்றையும் கவனியுங்கள்: மாணவர் யாரும் உட்கார மாட்டார்கள், ஆட்டம் முழுக்க நின்றபடிதான். தங்கள் அணி புள்ளி எடுத்ததும், மொத்தம் எத்தனை புள்ளியோ அத்தனை தண்டால் எடுக்கும் வழக்கமும் உண்டு.

கேள்வி: ரீப்ளே என்பதே இந்த ஆட்டத்தில்தான் பிறந்தது என்று எங்கோ கேள்விப்பட்டேன். உண்மையா?
– புதுச்சேரி வாசகர்

பதில்: உண்மை. இந்தக் கடிதக் கட்டில் எனக்கு மிகவும் பிடித்த கேள்வி உங்களுடையதுதான்.

1963 நவம்பர் 30இல் நடக்க வேண்டிய ஆட்டம் அது. 22ஆம் தேதி குடியரசுத் தலைவர் கென்னடி சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் கடற்படையில் பணியாற்றியவர். முந்தைய இரண்டு ஆண்டுகளும் இந்த ஆட்டத்துக்கு நேரில் வந்து நாணயம் சுண்டியவர். ஆட்டத்தையே கைவிட்டுவிடலாம் என்ற பேச்சு எழுந்தபோது, நடத்தச் சொன்னது அவருடைய குடும்பம்தான். ஒரு வாரம் தள்ளி டிசம்பர் 7ஆம் தேதி ஃபிலடெல்ஃபியாவில் நடந்தது.

சி.பி.எஸ்.ஸுக்காக அன்று ஒளிபரப்பை இயக்கியவர் டோனி வெர்னா, வயது 30. ஒரு முயற்சிக்கும் அடுத்த முயற்சிக்கும் நடுவே வீணாகும் இடைவெளியில், இப்போது நடந்ததையே மறுபடி காட்டினால் என்ன என்பது அவர் யோசனை. இன்று கைப்பேசியில் விரலால் பின்னுக்குத் தள்ளுகிறோம். அன்று அதற்கு வேண்டியிருந்த ஒளிநாடாக் கருவி 600 கிலோ அளவுக்கு எடை. ஆளுயர அலமாரி போன்ற அதை அலுவலகத்திலிருந்து பெயர்த்து வண்டியேற்றி அரங்கத்துக்குக் கொண்டுவந்தார்கள். எடை மட்டும் சிக்கல் அன்று. பதிந்ததைப் பின்னுக்குச் சுற்றினால் எந்த இடத்தில் அந்த முயற்சி தொடங்குகிறது என்று கண்டுபிடிக்க வழியில்லை. நாடாவின் ஒலித்தடத்தில் அடையாளத்துக்காகச் சில ஒலிகளைப் பதிந்துவைத்து, காதால் கேட்டே இடம் கண்டுபிடிக்கும் உபாயத்தை வெர்னா செய்தார். அப்படியும் அன்று முற்பகுதி முழுக்க முயன்று முயன்று தோற்றார்கள். படம் நிலைகொள்ளவே இல்லை.

நான்காம் பகுதியில் தரைப்படையின் குவார்ட்டர்பேக் ராலி ஸ்டிச்வே ஒரு கஜத்திலிருந்து உள்ளே புகுந்து டச்டவுன் எடுத்தார். இம்முறை நாடா ஒத்துழைத்தது. சில நொடிகளில் அதே ஸ்டிச்வே அதே கோட்டை மறுபடி தாண்டினார். வர்ணனையாளர் லிண்ட்சி நெல்சன் பதறிப்போய், இது நேரலை இல்லை, தரைப்படை மறுபடி புள்ளி எடுக்கவில்லை என்று நேயர்களுக்கு உரக்க விளக்கம் சொல்ல வேண்டியதாயிற்று. அன்று மெதுவேகத்தில்கூடக் காட்டவில்லை. நடந்த வேகத்திலேயே காட்டியதால், மற்றுமொரு டச்டவுன் என்று வீட்டிலிருந்தவர்கள் நினைக்க எல்லா நியாயமும் இருந்தது.

கடற்படை 21–15 என்று வென்றது. தரைப்படை எல்லைக்கோட்டுக்கு 2 கஜத்தில் நின்றபோது, கூட்டத்தின் இரைச்சலில் குவார்ட்டர்பேக்கின் குரல் கேட்காமல் தடுமாறிக் கடிகாரத்தைக் கோட்டைவிட்டது. அந்த ஆண்டு நாட்டின் சிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்கான ஹைஸ்மன் கோப்பையை வாங்கிய ரோஜர் ஸ்டாபக் அன்று கடற்படையின் குவார்ட்டர்பேக். ஆனாலும் தொலைக்காட்சியில் இரண்டு முறை ஓடிய முதல் ஆள் என்ற பெயர் தோற்ற அணிக்காரருக்குத்தான் போனது. கிரிக்கெட்டில் மூன்றாவது நடுவர் பெட்டிக்குள்ளிருந்து பார்த்துத் தீர்ப்புச் சொல்கிறாரே, அந்த வழக்கத்தின் வேர் அன்றைய நாடாவில்தான் இருக்கிறது.

கேள்வி: மற்றக் கல்லூரி ஆட்டங்களுக்கெல்லாம் மகன் ஒவ்வொரு வாரமும் எந்தச் சேனல் என்று தேடுகிறான். இது மட்டும் எப்படி ஒரே சேனலில் நிலையாக இருக்கிறது?
– சேலம் வாசகி

பதில்: உங்கள் மகன் தேடுவதற்குக் காரணம் 1984ஆம் ஆண்டின் ஒரு தீர்ப்பு. அதற்கு முன், நேரில் வரும் கூட்டம் குறைந்துவிடும் என்ற அச்சத்தில், வாரத்துக்கு எந்த ஆட்டங்களைத் தொலைக்காட்சியில் காட்டலாம் என்பதை என்.சி.ஏ.ஏ. என்னும் கல்லூரி விளையாட்டு அமைப்பே 1950களிலிருந்து கையில் வைத்திருந்தது. ஓக்லஹோமா, ஜார்ஜியா பல்கலைக்கழகங்கள் வழக்குத் தொடுத்தன. அது சந்தைப் போட்டிக்கு எதிரானது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 7–2 என்ற பெரும்பான்மையில் தீர்ப்பளித்தது. உடன்படாத இரு நீதிபதிகளில் ஒருவரான பைரன் வைட், இளமையில் புகழ்பெற்ற கல்லூரி ஃபுட்பால் ஆட்டக்காரர்! அதன்பின் ஒவ்வொரு கல்லூரிக் கூட்டமைப்பும் தன் உரிமையைத் தானே விற்கத் தொடங்கியது. ஒஹாயோ ஸ்டேட்–மிச்சிகன் ஆட்டம் ஃபாக்ஸில் நண்பகலில் வரும். அலபாமா–ஆபர்ன் ஆட்டம் நெடுங்காலம் சி.பி.எஸ்.ஸில் இருந்துவிட்டு 2024இல் ஏ.பி.சி.க்கு மாறிவிட்டது. கூட்டமைப்பின் ஒப்பந்தம் மாறினால் ஆட்டமும் இடம்பெயரும்.

ஆர்மி–நேவி ஆட்டமோ எந்தக் கூட்டமைப்பின் கணக்கிலும் சேராதது. இரு கல்லூரிகளும் இப்போது ஒரே கூட்டமைப்பில்தான் இருக்கின்றன, தரைப்படை 2024இல் வந்து சேர்ந்தது. இருந்தும் இந்த ஓர் ஆட்டத்தை அதன் புள்ளிப் பட்டியலுக்கு வெளியே வைத்து, தனியாக விற்கிறார்கள். 2009 முதல், மற்ற அணிகள் பருவ ஆட்டங்களையும் கூட்டமைப்பு இறுதி ஆட்டங்களையும் முடித்துக்கொண்ட பிறகு வரும் சனிக்கிழமைக்கு இதை நகர்த்திவிட்டார்கள். பெரிய ஆட்டம் வேறெதுவும் இல்லாத நாள். தேட வேண்டிய தேவையே இல்லை.

கேள்வி: நான் எந்தப் பக்கம் கைதட்டுவது?
– ஈரோடு வாசகர்

பதில்: உங்களுக்குச் சாப்பாடு போடும் வீட்டார் எந்தப் பக்கமோ அந்தப் பக்கம். கணக்குக் கேட்பவராக இருந்தால், 1890இல் தரைப்படைக் கல்லூரி இருக்கும் வெஸ்ட் பாயின்ட்டில் கடற்படை 24–0 என்று தொடங்கிவைத்ததிலிருந்து 2024 முடிய 125 ஆட்டங்கள். கடற்படை 63, தரைப்படை 55, சமன் 7.

கேள்வி: ஆட்டம் முடிந்து தொலைக்காட்சியை அணைக்கப் போனேன். மருமகள் கையைப் பிடித்துத் தடுத்துவிட்டாள். எல்லோரும் அசையாமல் நின்று ஏதோ பாடினார்கள். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அவளிடம் கேட்கக் கூச்சமாக இருந்தது.
– கும்பகோணம் வாசகி

பதில்: இங்கே பாட்டு இரண்டு. ஆட்டம் முடிந்தவுடன் இரு அணியினரும் ஒன்றாகச் சேர்ந்து, தோற்ற கல்லூரியின் மாணவர்கள் நிற்கும் பக்கம் போவார்கள். அக்கல்லூரியின் பாட்டு முடியும்வரை வென்றவர்களும் அசையாமல் நிற்பார்கள். பிறகு எல்லோருமாகக் களத்தைக் கடந்து மறுபக்கம் வருவார்கள்; வென்ற கல்லூரியின் பாட்டு. ஆண்டு முழுவதும் இரு கல்லூரியிலும் "இரண்டாவதாகப் பாடுவோம்" என்றுதான் சொல்லிக்கொள்வார்கள். வெல்வோம் என்பதற்கு அவர்கள் அகராதியில் அதுவே சொல்.

களத்தில் நிற்பவர்களில் கடைசி ஆண்டு மாணவர்களுக்கு இது பெரும்பாலும் கடைசிப் பெரிய ஆட்டம். சில மாதங்களில் சீருடையோடு எங்கே அனுப்புகிறார்களோ அங்கே போவார்கள். 1890இல் தரைப்படைக் கல்லூரியில் அணி திரட்டி இந்த ஆட்டத்தைத் தொடங்கிவைத்த மாணவர் டென்னிஸ் மைக்கி, எட்டு ஆண்டு கழித்து 1898இல் கியூபாப் போரில் இறந்தார். வெஸ்ட் பாயின்ட்டில் அவர்கள் ஆடும் அரங்கத்துக்கு அவர் பெயர்தான். உங்கள் மருமகளின் வீட்டில் யாரேனும் படையில் இருந்தார்களா என்று அடுத்த டிசம்பருக்குள் கேட்டுப் பாருங்கள். கூச்சப்பட வேண்டாம், அவரே சொல்லக் காத்திருப்பார். தொலைக்காட்சியை அணைப்பதானால் இரண்டாவது பாட்டு முடிந்தபின் அணையுங்கள். சில ஆண்டுகளில் வர்ணனையாளரே அதுவரை ஒரு சொல்லும் பேசாமல் விட்டுவிடுவார். ஒலியைக் கொஞ்சம் கூட்டிவையுங்கள்.